கியாரு ஹீரோயின் ஏன் இவ்ளோ ஒர்க் ஆகுது? ஜப்பான் ரொமான்ஸோட ஒரு டெம்ப்ளேட்டை பிரிச்சுப் பார்க்கலாம்

மை டிரெஸ்-அப் டார்லிங்ங்கற அனிமேவோட (ஜப்பான் அனிமேஷன் தொடர்) ரெண்டாவது சீசன் 2025 ஜூலைல வந்தப்போ புதுசா அனிமே பக்கம் வந்தவங்க நிறைய பேருக்கு ஒரு குழப்பம். எந்த ஸ்கூல் ரொமான்ஸைத் தொட்டாலும் தங்கக் கலர் முடி, நீளமா நகம், காது நிறைய தோடு, குட்டைப் பாவாடைன்னு ஒரு பொண்ணு, அவளுக்கு எதிர்ல வாயே தொறக்காத ஒரு பையன், அவதான் அவன்கிட்ட வந்து பேசுறா, அவதான் கையைப் பிடிச்சு இழுத்துட்டுப் போறா. இந்தப் பொண்ணு டைப்புக்குப் பேரு கியாரு, சப்டைட்டில்ல கேல்னு போடுவாங்க.

இது ஏன் இவ்ளோ ஹிட்டுன்னு கேட்டா ரெடிமேடா ஒரு பதில் வரும்: தனியா கிடக்குற பசங்களோட பகல் கனவு, அவ்ளோதான். அந்தப் பதில் பொய்யில்ல, ஆனா பாதிதான். பகல் கனவுதான் வேணும்னா இளவரசி இருக்கா, பக்கத்து வீட்டு சின்ன வயசு ஃப்ரெண்ட் இருக்கா, எல்லாரையும் விட்டுட்டு ஏன் குறிப்பா கியாரு? அதுக்கு கொஞ்சம் பின்னாடி போகணும்.

கியாருன்னா யாரு

டோக்கியோல ஷிபுயா ஏரியாவுல 1979ல திறந்த ஷிபுயா 109ங்கற பில்டிங் இருக்கு, மாடி மாடியா பொண்ணுங்க துணிக்கடை. 90கள்ல அதைச் சுத்தி வளர்ந்த ஹைஸ்கூல் பொண்ணுங்க கூட்டம்தான் நமக்கு இங்க முக்கியம். ஸ்கூல் யூனிஃபார்மையே எடுத்து அவங்க இஷ்டத்துக்கு மாத்திக்கிட்டாங்க. பாவாடையை இடுப்புல சுருட்டி மேல ஏத்துறது, கால்ல சுருக்கம் சுருக்கமா தொங்குற வெள்ளை லூஸ் சாக்ஸ், அது நழுவாம இருக்க கால்லயே உருட்டித் தடவுறதுக்குன்னு ஒரு பசை, முடிக்கு ப்ளீச், தோலை வேணும்னே வெயில்லயோ மெஷின்லயோ கறுக்க வெக்கிறது. ஒகினாவால இருந்து வந்த பாடகி அமுரோ நாமியே மாதிரி டிரெஸ் பண்றவங்களுக்கு அமுரான்னே பேரு வந்துச்சு. 1995ல எக்ங்கற கியாரு பத்திரிகை ஆரம்பிச்சது, அதே வருஷம்தான் ஃபோட்டோ எடுத்து ஸ்டிக்கரா தர்ற புரிகுரா மெஷினும் வந்தது. 90கள் முடியுறப்போ இது கங்குரோ ஸ்டைல் வரைக்கும் போச்சு, அதாவது முகம் கரும்பழுப்பு, கண்ணைச் சுத்தி வெள்ளை, உதட்டுல வெள்ளை. வெள்ளைத் தோல்தான் அழகுன்னு தலைமுறை தலைமுறையா சொல்லிக்கிட்டு இருக்குற ஊர்ல இது சும்மா மேக்கப் விஷயம் இல்ல, நேரா மூஞ்சிக்கு நேர சொல்ற பதில்.

இங்க மூணு வார்த்தையை நம்ம ஆளுங்க போட்டுக் குழப்பிக்கிறாங்க, அதைப் பிரிச்சுடலாம்.

1. யாங்கி: அடிதடி, பைக் கேங்கு, ஸ்கூல் கட் அடிக்கிற ரவுடி டைப். கியாருக்கும் இவங்களுக்கும் தலைமுடி கலர்தான் பொதுவா இருக்கும், மத்தபடி வேற.

2. யோக்யா: க்ளாஸ்ல கலகலன்னு இருக்குற, எல்லாரோடயும் பழகுற ஆளு. இதுக்கு எதிர் இன்க்யா, ஓரத்துல உக்காந்து வேடிக்கை பாக்குற டைப். கியாரு பெரும்பாலும் யோக்யா, ஆனா எல்லா யோக்யாவும் கியாரு இல்ல.

3. கியாரு: டிரெஸ், பேச்சு, பழக்கம் மூணுலயும் "நான் எப்படி இருக்கணும்னு நீ சொல்லாத"ன்னு நிக்கிறவ. சண்டை போடணும்னு கிடையாது.

தலைமுடிக்கு ஏன் இவ்ளோ வெயிட்டு

அனிமேல பச்சை, நீலம், பிங்க்னு எல்லா கலர்லயும் முடி இருக்கு, அப்புறம் தங்கக் கலர்ல மட்டும் என்ன வந்துச்சுன்னு கேக்கலாம். கியாரு கதைகள்ல அந்த முடி வரையுறவரோட ஸ்டைல் இல்ல, கதைக்குள்ளயே அது டை அடிச்ச முடி. ஜப்பான்ல நிறைய ஸ்கூல்ல டை அடிக்கக் கூடாது, பெர்ம் பண்ணக் கூடாதுன்னு ரூல் இருந்துச்சு, சில இடத்துல இன்னும் இருக்கு. எந்த அளவுக்குன்னா, 2017ல ஒசாகாவுல ஒரு மாணவி, தனக்கு இயற்கையாவே பழுப்பு முடி, அதைக் கறுப்பா டை அடிக்கச் சொல்லி ஸ்கூல்ல கட்டாயப்படுத்தினாங்கன்னு மாகாண அரசு மேல கேஸ் போட்டாங்க. 2021ல கோர்ட் 3,30,000 யென் நஷ்ட ஈடு குடுக்கச் சொன்னாலும் முடி ரூலே தப்புன்னு சொல்லல. டோக்கியோ அரசு ஹைஸ்கூல்கள்ல இந்தக் கறுப்பு முடி ரூலையெல்லாம் எடுத்ததே 2022 ஏப்ரல்லதான்.

அதனால ஒரு பொண்ணு தங்க முடியோட க்ளாஸ்ல உக்காந்திருக்கான்னா, அவ தினமும் டீச்சர்கிட்ட, பக்கத்து வீட்டுக்காரங்ககிட்ட, ட்ரெயின்ல உக்காந்திருக்குற பெரியவங்ககிட்ட எல்லாம் ஒரு பார்வையை வாங்கிட்டுதான் வர்றா. அவ ஒரு வசனம் பேசுறதுக்கு முன்னாடியே ஜப்பான் வாசகருக்கு இது தெரியும். மங்காவுல (ஜப்பான் காமிக்ஸ்) ஒரே ஒரு கட்டத்துல ஒரு ஆளைப் பத்தி இவ்ளோ தகவலைச் சொல்லிட முடியுதுன்னா எழுதுறவங்களுக்கு அது எவ்ளோ வசதின்னு யோசிச்சுப் பாருங்க.

நியூஸ்ல வில்லி, மங்காவுல ஹீரோயின்

1996ல ஜப்பான்ல அந்த வருஷத்தோட பிரபல வார்த்தைகள்னு தேர்ந்தெடுத்த லிஸ்ட்ல அமுரா இருக்கு, லூஸ் சாக்ஸ் இருக்கு, கூடவே எஞ்சோ கோசாயும் இருக்கு. எஞ்சோ கோசாய்னா பெரிய வயசு ஆம்பளைங்க காசு குடுத்து ஸ்கூல் பொண்ணுங்களோட பழகுறது. டிவி, வாரப் பத்திரிகை எல்லாம் இந்த மூணையும் ஒரே மூட்டையா கட்டிட்டாங்க, அதாவது லூஸ் சாக்ஸ் போட்டிருக்கியா, அப்போ நீ அந்த மாதிரிதான். காசு குடுக்குற ஆம்பளையைப் பத்தி பேச்சு கம்மி, சாக்ஸைப் பத்தி பேச்சு ஜாஸ்தி. (இதுல ஆச்சரியப்பட ஒண்ணுமில்ல, எந்த ஊர்லயும் இப்படித்தான்.)

இதுக்கு முதல் பதில் வந்தது பொண்ணுங்க படிக்கிற மங்காவுல இருந்து. 1997ல ஆரம்பிச்ச பீச் கேர்ள்ல (Peach Girl) ஹீரோயின் மோமோ ஒரு நீச்சல்காரி. வெயில்ல தோல் கறுத்துடுது, முடி வெளுத்துடுது, இவ்ளோதான் அவ செஞ்ச தப்பு. அதுக்கே க்ளாஸ்ல அவளை மோசமான பொண்ணுன்னு முடிவு கட்டிடுறாங்க. 1998 கடைசில ரிபோன் பத்திரிகைல வந்த கேல்ஸ் இன்னும் ஒரு படி மேல. ஹீரோயின் கொதோபுகி ரான் ஷிபுயாவையே ஆளுற கியாரு, ஆனா வீட்ல அப்பா அம்மா அண்ணன் எல்லாரும் போலீஸ். ஆரம்பத்துலயே, க்ளாஸ்ல நல்ல பேர் வாங்கின ஆயாங்கற பொண்ணு எஞ்சோ கோசாய் பக்கம் போறதைத் தடுத்து நிறுத்துறது இந்த ரான்தான். ரிபோன் படிக்கிறது பெரும்பாலும் ப்ரைமரி, மிடில் ஸ்கூல் பொண்ணுங்க, அவங்க கைல இந்தக் கதை போகுதுன்னா டிவி சொன்னதுக்கு நேர் எதிரான கியாரு அந்த வயசுலயே மனசுல பதிஞ்சுடும்.

ஆனா இதெல்லாம் பொண்ணுங்க பொண்ணுங்களுக்காகப் படைச்ச கியாரு, பையனோட கண்ணு வழியா பாக்குற கியாரு ரொமான்ஸ் பெருகினது 2010கள்ல. எக் பத்திரிகை 2014ல நின்னு போச்சு (2018ல வெப்ல திரும்ப வந்துச்சு, அது தனிக் கதை), ஷிபுயா தெருவுல அந்தப் பழைய கியாரு கூட்டமும் கரைஞ்சு போயிருந்துச்சு. தெருவுல நிஜமா பயமுறுத்தின வரைக்கும் அவளை லவ் இன்ட்ரஸ்ட்டா வெக்க ஆம்பளைங்க பத்திரிகைக்குத் தயக்கம் இருந்துச்சு, அவ தெருவை விட்டுப் போனப்புறம்தான் கற்பனைல அன்பானவளா மாறினாங்கறது என் கணிப்பு.

எதிர்ப் பக்கத்துல ஒடாக்கு

இன்னொரு பாதியையும் பாக்கணும். அனிமே, கேம், பொம்மைன்னு மூழ்கிக் கிடக்குற ஒடாக்குவுக்கும் அதே மீடியாதான் பட்டம் கட்டுச்சு. 1989ல சின்னக் குழந்தைகளைக் கொன்ன ஒருத்தன் பிடிபட்டப்போ அவன் ரூம்ல இருந்த வீடியோ டேப் குவியலைக் காட்டிக் காட்டியே, இந்த மாதிரி ஆளுங்க எல்லாருமே ஆபத்துன்னு ஒரு பேச்சு கிளம்புச்சு. அது அடங்க வருஷக் கணக்காச்சு.

அதாவது கியாரு கெட்டுப் போனவ, ஒடாக்கு கோளாறு பிடிச்சவன். ஒருத்தங்களுக்கு ஷிபுயா, இன்னொருத்தங்களுக்கு அனிமே, கேம் கடைங்க நிறைஞ்ச அகிஹபாரா, டோக்கியோவோட யமனோத்தே வட்ட ரயில்ல ரெண்டு ஸ்டேஷனும் கிட்டத்தட்ட எதிரெதிர் பக்கம். ரெண்டு பேருமே பாக்கெட் மணியெல்லாம் தனக்குப் பிடிச்சதுல கொட்டுறவங்க, ரெண்டு பேரையுமே தோற்றத்தை வெச்சே முடிவு கட்டிடுவாங்க. அதனாலதான் ஜப்பான் நெட்ல "ஒடாக்குகிட்ட அன்பா இருக்குற கியாரு"ங்கறது ஒரு தனி ஜோக்காவே ஓடுது, அப்படி ஒருத்தி நிஜத்துல கிடையாதுன்னு அவங்களே சிரிச்சுக்குறாங்க. சிரிச்சாலும் அந்த ஜோடி லாஜிக்கா பொருந்துது. க்ளாஸ் டாப்பரோ பணக்கார வீட்டுப் பொண்ணோ வந்து "நான் உன்னை ஜட்ஜ் பண்ண மாட்டேன்"னு சொன்னா அது கருணை மாதிரி இருக்கும். கியாரு சொன்னா நம்பலாம், ஏன்னா அவளே அந்த அடியை வாங்கினவ.

கதைக்குள்ள அவ செய்யுற வேலை

இப்போ டெக்னிக்கல் சைடுக்கு வரலாம். ஜப்பான் ஸ்கூல் ரொமான்ஸோட இன்ஜினே சொல்லாம இருக்கறதுதான். சூழ்நிலையைப் பாத்து நடந்துக்கணும், மனசுல இருக்குறதை அப்படியே கொட்டக் கூடாது, லவ்வுன்னா முறையா கொகுஹாகு, அதாவது "எனக்கு உன்னைப் பிடிச்சிருக்கு, என்னோட பழகு"ன்னு நேருக்கு நேர் நின்னு சொல்ற அந்தச் சடங்கு நடந்தாதான் ஜோடி. அந்த ஒரு வாக்கியத்தைச் சொல்ல பத்து வால்யூம் இழுப்பாங்க. 2000கள்ல கொடிகட்டிப் பறந்த சுன்தெரே ஹீரோயின், வெளிய எரிஞ்சு விழுந்து உள்ள உருகுறவ, இதோட உச்சம். ரெண்டு பேரும் வாய மூடிட்டே இருந்தா கதை எங்க நகரும், அங்கதான் கியாரு வர்றா.

1. தூரத்தைக் குறைக்கிறா. க்ளாஸ்மேட்டையே குடும்பப் பேரோட "சான்", "குன்" போட்டுக் கூப்பிடுற ஊர்ல இவ முதல் நாளே செல்லப் பேரு வெச்சு மரியாதை விகுதியெல்லாம் இல்லாம பேசுவா. மத்த ஹீரோயினுக்கு ஒரு முழு எபிசோடு எடுக்குற விஷயம், பேரைச் சொல்லிக் கூப்பிடுறது, இவளுக்கு ரெண்டு நிமிஷம்.

2. சீனைத் தள்ளுறா. ஹொக்கைடோ கேல்ஸ்ங்கற கதைல டோக்கியோ பையன் த்சுபாசா, ஜப்பானோட வடகோடி ஹொக்கைடோல கிதாமிங்கற ஊர்ல நடந்தே போயிடலாம்னு நெனச்சு டாக்ஸில இருந்து பாதி வழில இறங்கிடுறான். சுத்தி பனி, யாருமே இல்ல, பஸ் ஸ்டாப்ல மட்டும் அந்தக் குளிர்லயும் காலை மூடாம குட்டைப் பாவாடைல மினாமி நிக்கிறா. வேற டைப் பொண்ணா இருந்தா ரெண்டு பேரும் தலையைக் குனிஞ்சு பஸ்ஸுக்கு வெயிட் பண்ணியிருப்பாங்க. மினாமி ஹொக்கைடோ வட்டாரப் பேச்சைக் கலந்து பேசிப் பேசியே ஊரு, குளிரு, பையன்னு மூணையும் வாசகருக்கு அறிமுகப்படுத்திடுறா.

3. பையனோட ரகசியத்தைப் பாத்தும் மூஞ்சி சுளிக்க மாட்டா. மை டிரெஸ்-அப் டார்லிங்ல கோஜோ வகானா ஹினா பொம்மைக்கு (பொண்ணுங்க பண்டிகைக்கு வீட்ல அடுக்கி வெக்கிற பொம்மை) தலை செய்யுற தாத்தாகிட்ட வளர்ந்தவன், சைதாமா மாகாணத்துல இவாத்சுகிதான் இந்தப் பொம்மைக்குப் பேர் போன ஊரு. பையனுக்குப் பொம்மையான்னு சின்ன வயசுல ஒரு பொண்ணு அருவருப்பா கத்துனதுல இருந்து இவன் யார்கிட்டயும் வாயைத் தொறக்கறதில்ல. ஸ்கூல் தையல் மெஷின்ல பொம்மைத் துணி தைக்கிறப்போ கிதகாவா மரின் பாத்துடுறா. பாத்துட்டு அவளுக்குத் தோணுற ஒரே விஷயம், இவனுக்குத் தைக்கத் தெரியுது, எனக்கு காஸ்ப்ளே (பிடிச்ச கேரக்டர் மாதிரி வேஷம் போடுறது) டிரெஸ் வேணும்.

4. சொல்ற ஆளே சொல்ல முடியாம போறா. இதுதான் எல்லாத்துலயும் பெருசு, இதை கொஞ்சம் நிதானமா பாக்கணும்.

அந்த ரயில் சீன்

முதல் காஸ்ப்ளே ஈவென்ட் முடிஞ்சு ரெண்டு பேரும் ட்ரெயின்ல வர்றாங்க. அதுக்கு முன்னாடியே கோஜோ, அழகுங்கற வார்த்தையைச் சும்மா யாருக்கும் சொல்ல முடியாது, மனசுல நிஜமா தோணினாதான் சொல்வேன்னு சொல்லியிருப்பான், ஹினா பொம்மையைப் பாத்து மட்டும் அவன் சொல்ற வார்த்தை அது. ட்ரெயின்ல அசந்து தூக்கம் சொக்குறப்போ, இன்னைக்கு நீங்க ரொம்ப அழகா இருந்தீங்கன்னு சொல்லிட்டு அப்படியே தூங்கிடுறான். மரின் முகம் செவந்து போகுது. ஊர்ல எல்லாப் பையனும் தினம் அழகுன்னு சொல்ற பொண்ணு, அவளுக்கு அந்த வார்த்தை அது வரைக்கும் காசு மாதிரி கைமாறுற சாதாரண விஷயம், இவன் வாய்ல இருந்து வந்தப்போ மட்டும் அதுக்கு எடை இருக்கு.

இங்க ரெண்டு விஷயம் நடக்குது. ஒண்ணு, அவ இவனை இரக்கப்பட்டு லவ் பண்ணல, இவன்கிட்ட ஒரு குணம் இருக்கு, தொழில் பழக்கத்துல இருந்து வந்த நேர்மை, அதுக்கு அவ விழுறா. ரெண்டு, அதுக்கப்புறம் எதையும் படார்னு சொல்ற மரின், ஒரே ஒரு விஷயத்தை மட்டும் சொல்ல முடியாம தவிக்கிறா. அளவெடுக்குறப்போ பிகினில நின்னு கூச்சமே படாதவ, இப்போ அவன் பக்கத்துல உக்காந்தா தடுமாறுறா. ஆரம்பத்துல இருந்தே கூச்சப்படுற பொண்ணு கூச்சப்பட்டா அது செய்தி இல்ல, மரின் கூச்சப்பட்டா வாசகருக்கு உடனே தெரியும் ஏதோ நடந்துடுச்சுன்னு. ஆக கியாரு வந்து கதையைச் சுலபமாக்குறான்னு நெனச்சா, கடைசில அதே பழைய சொல்லாம இருக்குற இன்ஜினைத்தான் அவளும் ஓட்டுறா, என்ன, அது நிக்கிற இடம் ரொம்பத் துல்லியமா தெரியுது. மோர் தேன் எ மேரிட் கப்புள்ல அகாரியும் இதே ரூட்தான், கல்யாணப் பயிற்சின்னு ஸ்கூல்ல ஜோடி போட்டு விட்ட ஜிரோவை ஆரம்பத்துல வம்பிழுத்துக்கிட்டே இருப்பா, நிஜமா பிடிச்சதுக்கப்புறம்தான் அவளுக்குப் பயமே வருது.

எங்க இடிக்குது

இதெல்லாம் சரி, ஆனா இந்த டெம்ப்ளேட்ல எனக்கு மூணு இடத்துல உறுத்துது.

1. "உள்ள சுத்தமானவ"ங்கற கண்டிஷன். பாக்க அனுபவசாலி மாதிரி இருப்பா, ஆனா இதுதான் முதல் லவ், முதல் எல்லாமேன்னு சீக்கிரமே தெரிய வரும். கிட்டத்தட்ட எல்லாக் கதைலயும் இது இருக்கு. 90கள்ல சாக்ஸைப் பாத்து பொண்ணோட கேரக்டரை முடிவு பண்ணாதீங்கன்னு சொன்ன வாதம் இருக்கே, அது நல்ல வாதம். ஆனா "முடிவு பண்ணாதீங்க, ஏன்னா அவ நெசமாவே சுத்தம்"னு முடிச்சா, அப்போ சுத்தமா இல்லாதவளைத் திட்டலாமா? அவளை விடுதலை பண்றோம்னு சொல்லிட்டு பழைய சட்டத்தையே வெச்சுத்தான் தீர்ப்பு எழுதுறாங்க. முன்னாடி ஒரு பாய்ஃப்ரெண்ட் இருந்துச்சுன்னு சாதாரணமா சொல்ற, அதைப் பத்தி கதையும் அலட்டிக்காத கியாரு ஹீரோயின் இந்த வகைல ரொம்பக் கம்மி.

2. கறுத்த தோல் காணாம போச்சு. கங்குரோ கியாருவோட முழு எதிர்ப்பும் தோல்லதான் இருந்துச்சு. இன்னைக்கு மெயின் ஹீரோயினா வர்றவங்க பெரும்பாலும் வெள்ளைத் தோல், தங்க முடி, நல்ல ஸ்கின்கேர். டேன் பண்ணின கியாரு சைடு கேரக்டரா, ஹீரோயினோட தோழியா, இல்லன்னா அடல்ட் சமாச்சாரத்துல ஒரு கேட்டகரியா ஒதுங்கிட்டா.

3. தெரபிஸ்ட் வேலை. பையனோட தன்னம்பிக்கையைச் சரி பண்றதுதான் அவளோட முழுநேர வேலைன்னா அது சலிச்சுப் போயிடும். அவன் இல்லாத சீன்ல அவ என்ன பண்றான்னு பாருங்க, அந்த மாதிரி சீனே இல்லன்னா அவ ஆள் இல்ல, அவனுக்கு ஒரு வசதி. மரின் இதுல தப்பிக்கிறதுக்குக் காரணம் அவளுக்குன்னு ஒரு வெறி இருக்கு, அவ காஸ்ப்ளே பண்ண விரும்புறது அவ விழுந்து விழுந்து விளையாடுற அடல்ட் கேம்ல வர்ற பொண்ணை, அதைப் பத்தி ஆரம்பிச்சா நிறுத்தவே மாட்டா. ஒடாக்கு யாருன்னு பாத்தா அவதான், கோஜோ கைவினைக்காரன். ஒடாக்குகிட்ட அன்பா இருக்குற கியாருங்கற ஜோக்கையே அந்தக் கதை உள்ளபடியே தலைகீழா மாத்திடுச்சு. இதை எழுதினது ஒரு பெண், அது தற்செயல்னு எனக்குத் தோணல.

இப்போ நிலைமை

2018ல ஆரம்பிச்ச மரின் கதையோட மங்கா 2025 மார்ச்ல முடிஞ்சிடுச்சு. அதுக்கு நடுவுலயே டெம்ப்ளேட் பல கிளையா பிரிஞ்சு போச்சு: ஊரை மாத்திப் போட்டது, கல்யாணப் பயிற்சியோட சேர்த்தது, ஏன், டைனோசரோட ஒரே ரூம்ல வாழுற கியாரு கூட 2020லயே அனிமேவா வந்துடுச்சு. ஜப்பான்ல சில கம்பெனிங்க கியாருங்களை மீட்டிங்குக்குக் கூப்பிட்டு, மரியாதை மொழியெல்லாம் வேணாம், பதவியைச் சொல்லிக் கூப்பிடாதீங்க, தோணினதைப் பேசுங்கன்னு ஐடியா கேக்குறாங்க. கியாரு மைண்ட்ங்கறது இப்போ ஒரு பாராட்டு வார்த்தை. முப்பது வருஷம் முன்னாடி லூஸ் சாக்ஸைப் பாத்துத் தலைல அடிச்சுக்கிட்ட அதே ஆஃபீஸ் கூட்டம்தான் இது. கதைல அந்தக் கூச்சப் பையனுக்கு அவ எதுக்குத் தேவைப்பட்டாளோ, மீட்டிங் ரூம்ல அவங்களுக்கும் அதுக்குத்தான் தேவைப்படுறா. பதிலுக்கு அவளுக்கு என்ன கிடைக்குதுங்கற கேள்வியை மட்டும் கதையும் கம்பெனியும் இன்னும் பெருசா கேட்டுக்கல.